மார்பில் தைத்த எழுத்து: ‘தி ஸ்கார்லெட் லெட்டர்’ (1926) மௌனப்படமும் ஊரறிய அவமதிக்கும் தண்டனையும்

1658ஆம் ஆண்டு, வட அமெரிக்காவின் பிளிமத் குடியேற்றத்தில் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. விபசாரக் குற்றத்தில் பிடிபட்டவர்கள், விபசாரத்தைச் சுட்டும் ‘அடல்டரி’ என்ற ஆங்கிலச் சொல்லிலிருந்து எடுத்த ‘ஏ’, ‘டி’ என்னும் இரண்டு பெரிய எழுத்துகளைத் துணியில் வெட்டி, மேலாடையின் கைப்புறத்திலோ முதுகிலோ தைத்து அணிய வேண்டும். அவை இல்லாமல் வெளியே நடமாடினால் அங்கேயே பிடித்து ஊரறியச் சவுக்கால் அடிக்க வேண்டும். 1694இல் மாசசூசெட்ஸ் இதையே இன்னும் நுணுக்கமாக எழுதிக்கொண்டது. இங்கே ‘ஏ’ ஒன்றே; அதன் உயரம் இரண்டு அங்குலம். அகலம் அதற்கு ஏற்ற அளவு. துணியின் நிறம் ஆடையின் நிறத்துக்கு மாறாக இருக்க வேண்டும். தைக்கும் இடம் எல்லார் கண்ணிலும் படும்படியான கையின் வெளிப்புறமோ முதுகோ. இதனோடு, கழுத்தில் கயிற்றை மாட்டிக்கொண்டு தூக்குமேடையில் ஒரு மணி நேரம் உட்கார வேண்டும், நாற்பதுக்கு மிகாத சவுக்கடிகளையும் வாங்க வேண்டும். விபசாரத்துக்கு மட்டும் உரிய முறை என்றும் இதைச் சொல்ல முடியாது. 1634இலேயே ராபர்ட் கோல்ஸ் என்பவர் குடித்துவிட்டுத் திரிந்த குற்றத்துக்காக, வெள்ளைத் துணியில் சிவப்பு ‘டி’ எழுத்தை ஓராண்டு அணிந்திருக்கும்படி அதே மாசசூசெட்ஸில் தீர்ப்பளிக்கப்பட்டது.

இந்தச் சட்டங்களின் வாசகத்தில் வலியைப் பற்றிய பேச்சைவிடப் பார்வையைப் பற்றிய பேச்சே மிகுதி. எவ்வளவு பெரிது, என்ன நிறம், எந்த இடம், எவ்வளவு நேரம் என்பனவெல்லாம் நீதிபதியின் கவலைகளாக இருந்தன. ஒரு சுவரொட்டி வரைபவனுக்கோ திரைப்பட டைட்டில் கார்டு எழுதுபவனுக்கோ இருக்க வேண்டிய கவலைகள் அவை. ஆகவே, பேச்சு இல்லாமல் பார்வையை மட்டுமே நம்பி வாழ்ந்த மௌனப்படம் இந்தத் தண்டனையை மீண்டும் மீண்டும் தேடிப் போனதில் வியப்பில்லை. விபசாரத்துக்காக ‘ஏ’ எழுத்தை அணியும் ஹெஸ்டர் பிரின் என்ற பெண்ணைப் பற்றி நத்தானியேல் ஹாதார்ன் 1850இல் எழுதிய ‘தி ஸ்கார்லெட் லெட்டர்’ நாவலை 1908இல் கேலம் நிறுவனமும், 1911இல் இம்ப் நிறுவனமும், 1917இல் ஃபாக்ஸ் நிறுவனமும் படமாக்கின. இங்கு ஆய்வுக்கு எடுத்துக்கொள்வது, மெட்ரோ கோல்ட்வின் மேயர் நிறுவனத்துக்காக ஸ்வீடன் நாட்டு இயக்குநர் விக்டர் ஷோஸ்ட்ரோம் எடுத்து 1926 ஆகஸ்டில் வெளியான படம்.

அதற்குள் நுழையுமுன் நாவலாசிரியர் சட்டத்திலிருந்து விலகிய ஓரிடத்தைக் குறிப்பிட வேண்டும். சட்டம் எழுத்தைக் கையிலோ முதுகிலோ தைக்கச் சொன்னது. ஹாதார்ன் அதை மார்புக்கு மாற்றினார். சிறிய மாற்றம்தான், ஆனால் தண்டனையின் இயக்கமே இதனால் மாறிவிடுகிறது. முதுகில் உள்ள எழுத்தைப் படிப்பவன், அதைச் சுமப்பவளின் முகத்தைப் பார்க்க வேண்டியதில்லை; அவளும் தன்னைப் பார்ப்பவன் யார் என்று அறிய மாட்டாள். மார்பில் உள்ள எழுத்தைப் படிக்க வருகிறவன் அவள் கண்ணுக்கு எதிரே வந்து நிற்க வேண்டும். எழுத்தும் முகமும் ஒரே சட்டகத்துக்குள் வந்துவிடுகின்றன. குளோசப் என்ற ஒன்று இல்லாத காலத்தில் ஹாதார்ன் குளோசப்புக்கு இடம் ஒதுக்கி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

கூட்டத்தோடு நின்ற கேமரா

ஷோஸ்ட்ரோமின் படம் எதிலிருந்து விலகி வந்தது என்பதை அறிய, அதற்கு இருபத்தொரு ஆண்டுகள் முந்திய ஒரு படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். எடிசன் நிறுவனத்துக்காக எட்வின் எஸ். போர்ட்டரும் வாலஸ் மெக்கட்சனும் 1905இல் எடுத்த ‘தி ஒயிட் கேப்ஸ்’ ஒரு குடிகாரக் கணவனின் கதை. அவன் மனைவியை அடிக்கிறான். முகமூடி அணிந்த ஊர்க்காரர்கள் திரண்டு வந்து அவனைப் பிடித்து, உடம்பில் தார் பூசி, இறகுகளை ஒட்டி, ஒரு மரக்கட்டையின் மேல் உட்காரவைத்துத் தூக்கிச் செல்கிறார்கள். கரும்புள்ளி செம்புள்ளி குத்திக் கழுதைமேல் ஏற்றுவது என்று நம் ஊரில் சொல்வதற்கு அமெரிக்கக் கிராமப்புறம் வைத்திருந்த நேர்ப்பொருள் இது.

அந்தக் காலத்து வழக்கப்படி கேமரா ஓரிடத்தில் ஊன்றி நிற்கிறது. ஆட்கள் தலை முதல் கால் வரை தெரியும் தொலைவில் வந்து போகிறார்கள். தண்டிக்கப்படுபவனின் முகம் நமக்குக் கிடைப்பதில்லை, இறகு ஒட்டிய உருவம் மட்டுமே கிடைக்கிறது. வேடிக்கை பார்க்க வந்தவர்களில் ஒருவர் எங்கே நிற்பாரோ அங்கேதான் பார்வையாளரும் நிறுத்தப்படுகிறார். மனைவியை அடித்தவன் என்று முதலிலேயே காட்டிவிட்டதால் அவனுக்கு இது தகும் என்ற நிறைவோடு நாம் எழுந்து போகலாம். படம் வேறு எதையும் நம்மிடம் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டிய கேள்வி ஒன்று இருந்தது. ஒயிட் கேப்ஸ் என்பது கதைக்காகப் புனைந்த பெயர் அன்று. 1880களில் இண்டியானா மாநிலத்தில் கிளம்பிய இந்த முகமூடிக் கும்பல்கள், ஊர் ஒழுக்கத்தைக் காப்பதாகச் சொல்லிக்கொண்டு ஆண்களையும் பெண்களையும் நள்ளிரவில் இழுத்துப்போட்டு அடித்தன. மிசிசிப்பியில் அதே பெயர் தாங்கிய கும்பல்கள் கறுப்பின விவசாயிகளை அவர்களுடைய நிலத்திலிருந்து மிரட்டி விரட்டின. இவ்வளவையும் மறைத்து, ஒரு குடிகாரனைத் திருத்தும் நற்பணியாகக் காட்டியது படம்.

1905க்கு இன்னொரு பொருத்தமும் உண்டு. கழுத்தையும் கைகளையும் பலகைத் துளைகளில் பூட்டி நடுத்தெருவில் நிறுத்தும் தண்டனையை இங்கிலாந்து 1837இல் ஒழித்தது. அமெரிக்காவில் கடைசிவரை அதை விடாமல் வைத்திருந்த டெலவேர் மாநிலம் விட்டது 1905இல்தான். சட்டம் அந்தப் பலகையைக் கழற்றிப் போட்ட அதே ஆண்டில், காசு கொடுத்து உள்ளே வரும் பார்வையாளருக்காகத் திரை ஊரறிய அவமதிக்கும் காட்சியை அரங்கேற்றியது.

அவமானத்துக்கு அஞ்சிய தொழில்

1926க்கு வருவோம். இந்தப் படத்தில் ஹெஸ்டராக நடித்த லிலியன் கிஷ் 1925இல் மெட்ரோ கோல்ட்வின் மேயரில் சேர்ந்தபோது, ஊரால் துரத்தப்படும் பெண்ணின் வேடம் அவருக்குப் புதியதன்று. டி. டபிள்யூ. கிரிஃபித் 1920இல் எடுத்த ‘வே டவுன் ஈஸ்ட்’ படத்தில், போலித் திருமணத்தால் ஏமாற்றப்பட்டுக் குழந்தையைப் பெற்று இழந்த பெண்ணாக, உண்மை வெளிப்பட்டதும் பனிப்புயலுக்குள் வீட்டைவிட்டு வெளியேற்றப்படுபவளாக அவர் நடித்திருந்தார். ஆனால் ஹாதார்னின் கதையைப் படமாக்க வேண்டும் என்று அவர் கேட்டபோது நிறுவனத் தலைவர் லூயி பி. மேயர், அந்தக் கதை படமாக்கக் கூடாதவற்றின் பட்டியலில் இருப்பதாகவும் தேவாலய அமைப்புகளும் பெண்கள் சங்கங்களும் எதிர்ப்பதாகவும் சொல்லிவிட்டார். கிஷ் அந்த அமைப்புகளுக்குத் தாமே கடிதம் எழுதினார். படத்தின் தரத்துக்குத் தனிப்பட்ட முறையில் அவரே பொறுப்பேற்றால் தங்களுக்கு மறுப்பில்லை என்று பதில் வந்ததாகத் தம் தன்வரலாற்றில் அவர் எழுதியிருக்கிறார்.

அமெரிக்கப் பள்ளிகளில் இலக்கியமாக மதிக்கப்பட்ட ஒரு நாவலுக்கு இந்தத் தயக்கம் ஏன் என்பதற்கு ஐந்தாண்டுகள் பின்னால் போக வேண்டும். 1921 செப்டம்பரில் நகைச்சுவை நடிகர் ராஸ்கோ ஆர்பக்கிள் ஒரு நடிகையின் சாவு தொடர்பாகக் கைதுசெய்யப்பட்டார். மூன்று முறை விசாரணை நடந்தது. மூன்றாவது நடுவர் குழு 1922 ஏப்ரல் 12 அன்று அவரை விடுவித்ததோடு நிற்காமல், விடுதலை மட்டும் போதாது, அவருக்குப் பெரும் அநீதி இழைக்கப்பட்டிருக்கிறது என்று எழுத்து மூலமாகவே அறிவித்தது. ஆறே நாளில், திரைத்துறையின் நற்பெயரைக் காக்க அப்போதுதான் அமர்த்தப்பட்டிருந்த வில் ஹேஸ், ஆர்பக்கிளின் படங்களைத் திரையிடத் தடை விதித்தார். அந்த ஆண்டின் இறுதியில் தடை நீங்கியும் நடிகரின் பழைய வாழ்வு திரும்பவில்லை. நீதிமன்றம் குற்றமில்லை என்ற பிறகும் ஊர் கையில் வைத்திருந்த எழுத்தைத் திரைத்துறையே அவர்மேல் தைத்தது என்று சொன்னால் அது மிகையாகாது. 1924இல் ஹேஸின் அமைப்பு, எந்த நாவலை, எந்த நாடகத்தைப் படமாக்கலாம், எதைத் தொடக் கூடாது என்று முன்கூட்டியே வடிகட்டும் முறையையும் கொண்டுவந்தது. ஊர்வாய்க்கு அஞ்சி நடுங்கும் ஒரு குடியேற்றத்தின் கதையை, ஊர்வாய்க்கு அஞ்சி நடுங்கிக்கொண்டிருந்த ஒரு தொழில்துறை படமாக்கப் புகுந்தது இப்படித்தான்.

இயக்குநரைத் தேர்ந்தெடுத்ததிலும் கிஷ்ஷின் பங்கு உண்டு. அந்தக் குடியேற்றங்களை ஆண்ட, கடும் ஒழுக்கம் பேணிய கிறித்தவர்களான பழைய பியூரிட்டன்களின் மனப்போக்கு ஸ்காண்டிநேவியர்களுக்கு நெருக்கமானது என்று அவர் கருதினார். ஷோஸ்ட்ரோம் அமெரிக்காவில் 1924இல் எடுத்த ‘ஹீ ஹூ கெட்ஸ் ஸ்லாப்ட்’ படமும் அவமானத்தின் கதையே. தன் கண்டுபிடிப்பைத் திருடியவன் கையால் அறிஞர் அவையில் அறை வாங்கிச் சிரிப்புக்கு ஆளான விஞ்ஞானி, பிறகு சர்க்கஸ் கோமாளியாகி இரவுதோறும் அறை வாங்குவதையே தொழிலாக்கிக்கொள்கிறான். கூட்டத்தின் சிரிப்பை எதிரே நின்று வாங்குபவனின் இடத்திலிருந்து பார்க்க இந்த இயக்குநர் முன்பே பழகியிருந்தார்.

மேடைக்கு முன்னால் நடந்தவை

ஹாதார்னின் நாவல் சிறைக்கதவில் தொடங்குகிறது. குற்றம் முடிந்துவிட்டது, குழந்தை பிறந்துவிட்டது, ஹெஸ்டர் பிரின் எழுத்தோடு வெளியே வருகிறாள். படத்தின் திரைக்கதையை எழுதிய ஃபிரான்சஸ் மேரியன் அங்கே தொடங்கவில்லை. நாவலில் இல்லாத ஒரு முன்கதையை அவர் கட்டினார். என் மதிப்பீட்டில் படத்தின் மிகச் சிறந்த பகுதி அதுதான்.

ஓய்வுநாள் காலை, ஊரே தேவாலயத்துக்குப் போகிறது. ஹெஸ்டரின் வீட்டில் முகம் பார்க்கும் கண்ணாடியை ஒரு துணி மறைத்திருக்கிறது. வீண்பெருமையைக் கண்டிக்கும் வாசகம் அந்தத் துணியில் நூலால் தைக்கப்பட்டிருக்கிறது. அவள் அதற்குப் பின்னாலுள்ள கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்துக்கொள்கிறாள். கூண்டிலிருந்து அவளுடைய பறவை தப்பிவிட, அதைத் துரத்திக்கொண்டு ஓடுகிறாள். ஓய்வுநாளில் ஓடியாடுவது குற்றம். அவளைக் கண்டிக்க வேண்டிய பொறுப்பு போதகர் ஆர்தர் டிம்ஸ்டேலுக்கு வருகிறது. தண்டனையாக அவள் கால்கள் தொழுமரத்தில் மாட்டப்படுகின்றன. அங்கே அவளைக் கண்டு இரங்குபவனும் அவனே. அவர்களுடைய காதல் தொழுமரத்தடியில் முளைக்கிறது.

இந்த வரிசையில் இரண்டு செய்திகள் அடங்கியிருக்கின்றன. முதலாவது, பெரிய தண்டனை ஒரே நாளில் வானத்திலிருந்து விழவில்லை. கண்ணாடி பார்ப்பது, ஓடுவது, சிரிப்பது என ஒவ்வொன்றுக்கும் ஒரு சிறு தண்டனை வைத்திருக்கும் ஊரில், ‘ஏ’ என்ற எழுத்து அந்தப் படிவரிசையின் மேற்படி மட்டுமே. சங்க அகப்பாடல்கள் ஊர்ப்பேச்சை அம்பல் என்றும் அலர் என்றும் பிரித்துப் பார்த்தன. வாய்க்குள் முணுமுணுப்பாக இருந்தது ஊரறிந்த பேச்சாக விரியும் அந்தப் படிநிலையை மேரியனின் திரைக்கதை சட்டத்தின் பக்கமிருந்து காட்டுகிறது எனலாம். இரண்டாவது, துணியில் தைத்த எழுத்து படத்தில் முதன்முதலாக வருவது ஹெஸ்டரின் மார்பில் அன்று, அந்தக் கண்ணாடிமேல். அவள் தன் முகத்தைத் தானே பார்க்கக் கூடாது என்று தடுக்கத் தொங்கிய துணிவாசகம், பிற்பாடு ஊரார் அவள் முகத்தைப் பார்க்கத் தேவையில்லாமல் செய்யும் துணியெழுத்தாக இடம் மாறுகிறது. நூலும் ஊசியும் அவளுடைய கைத்தொழில் என்பது இந்த இடமாற்றத்தை இன்னும் கொடிதாக்குகிறது.

மௌனப்படத்தில் சொற்களுக்குத் தனி இடம் உண்டு. காட்சி நிற்கும், கறுப்புப் பின்னணியில் டைட்டில் கார்டு வரும், படித்தபின் காட்சி தொடரும். எழுத்து இருக்கும் இடத்தில் முகம் இருக்காது, முகம் இருக்கும் இடத்தில் எழுத்து இருக்காது. ஹெஸ்டரின் மார்பில் உள்ள ‘ஏ’ இந்த ஒழுங்கை மீறுகிறது. அவள் திரையில் தோன்றும்போதெல்லாம் அகற்ற முடியாத டைட்டில் கார்டு ஒன்று அவளோடேயே வருகிறது. ஒரு மனுஷியை ஒரே ஓர் எழுத்தாகச் சுருக்கிப் படித்துவிட்டுப் போகலாம் என்பதே இத்தண்டனையின் நோக்கம். தலையெழுத்தை யாரும் பார்க்க முடியாது என்பதில் ஒரு கருணை இருக்கிறது. மார்பெழுத்துக்கு அதுவும் இல்லை. நாவலின் தலைப்பே பறைசாற்றும் செந்நிறம் மட்டும் திரையில் இல்லை. கறுப்பு வெள்ளைப் படத்தில் சிவப்பைத் தலைப்பிலிருந்துதான் நாம் கொண்டுபோய்ப் பூசிக்கொள்ள வேண்டும்; மௌனப்படக் காலத்தின் பெரும்பகுதியில் புழங்கிய, சிவப்பொளியை உணராத ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிமில் சிவப்பு ஏறத்தாழக் கறுப்பாகவே பதியும்.

இந்த எழுத்துக்கு எதிராகப் படம் நிறுத்தும் ஆயுதம் ஒளிப்பதிவு. ஒளிப்பதிவாளர் ஹென்ட்ரிக் சார்ட்டோவ், கிரிஃபித்தின் படங்களிலேயே கிஷ்ஷின் முகத்தைக் கோடுகள் மென்மையாக மங்கும் மென்குவியத்தில் எடுத்துப் பெயர் பெற்றவர். தண்டனை மேடையில் ஹெஸ்டர் குழந்தையோடு நிற்கிறாள். குழந்தையின் தந்தை யார் என்று சொல்லும்படி அவளிடம் கேட்க வேண்டிய கட்டாயத்தில், அந்தத் தந்தையான டிம்ஸ்டேலே நிற்கிறான். அவள் சொல்ல மறுக்கிறாள். 1905ஆம் ஆண்டுக் கேமரா இங்கே இருந்திருந்தால் சந்தைத்திடலின் கோடியில் நின்றுகொண்டு மேடையையும் கூட்டத்தையும் ஒருசேரக் காட்டியிருக்கும். ஷோஸ்ட்ரோம் நம்மைக் கூட்டத்திலிருந்து பிரித்து முகத்துக்கு அருகே கொண்டுபோகிறார். சட்டம் எழுத்தைப் பார் என்கிறது. ஒளி முகத்தைப் பார் என்கிறது. கிஷ் அந்த முகத்தை அழுகையால் நிரப்பாமல் அடக்கி வைத்திருப்பதால், பார்ப்பவர் அவளிடமிருந்து எதையும் பறித்துக்கொள்ள முடிவதில்லை.

படம் தவறும் இடமும் ஒன்று உண்டு, அதை மழுப்பிவிட்டுப் போவது நேர்மையாகாது. கார்ல் டேன் நடித்த ஜைல்ஸ் என்னும் நகைச்சுவைப் பாத்திரம் செய்யும் சூழ்ச்சியால், ஊரில் வம்பளக்கும் மிஸ்ட்ரஸ் ஹிப்பின்ஸ் நாற்காலியில் கட்டப்பட்டு நீரில் அமுக்கி எடுக்கப்படுகிறாள். வாய்நீளம் என்று குற்றம்சாட்டப்பட்ட பெண்களுக்கு உண்மையிலேயே கொடுக்கப்பட்ட தண்டனை அது. இங்கே நாம் சிரிக்க வேண்டும் என்று படம் எதிர்பார்க்கிறது. அரங்கில் சிரிப்பும் எழுந்திருக்கும். ஹெஸ்டரை அவமதிக்கும் கூட்டத்திலிருந்து நம்மைப் பிரிக்க இவ்வளவு பாடுபட்ட படம், தனக்குப் பிடிக்காத ஒருத்தி அகப்பட்டதும் நம்மைத் திருப்பிக் கொண்டுபோய் 1905இன் கூட்டத்திலேயே நிறுத்திவிடுகிறது. வேடிக்கைக் காட்சி இல்லாமல் படத்தை விற்க முடியாது என்ற வணிகக் கணக்கு இதற்குக் காரணமாக இருக்கலாம். ஆனால் ஹிப்பின்ஸ் தண்டனைக்கு உரியவள், ஹெஸ்டர் உரியவள் அல்லள் என்ற பிரிவினையை ஏற்றுக்கொண்டால் தண்டனை முறையைப் பற்றிய கேள்வியே கலைந்துபோய், ஆள் தெரியாமல் தண்டித்துவிட்டார்கள் என்ற குறைமட்டுமே மிஞ்சும்.

மறைந்திருந்த எழுத்து

தண்டனை மேடையில் இரண்டாவது எழுத்து வெளிப்படுவது படத்தின் முடிவில். டிம்ஸ்டேல் தன் மார்பில் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் அதே ‘ஏ’ எழுத்தைத் தானே சுட்டுக்கொண்டிருக்கிறான். நாவலில் அவன் மார்பில் என்ன இருந்தது, அது எப்படி வந்தது என்பதை ஹாதார்ன் பல சாட்சிகளின் முரண்பட்ட பேச்சுகளுக்குள் மூடிவைக்கிறார். சிலர் அங்கே எதுவுமே இல்லை என்கிறார்கள். மௌனப்படத்துக்கு அந்த வசதி இல்லை. திறந்து காட்டினால் ஏதாவது இருந்தாக வேண்டும். ஆகவே இரும்பு வருகிறது. இலக்கிய நயம் இதில் குறைந்தது என்று விமரிசகர் சொல்லலாம். எனக்கு இதில் ஓர் ஈடு கிடைக்கிறது. ஹெஸ்டரின் எழுத்து துணி. ஊர் பார்க்கப் பார்க்க அது பழகிப்போகிறது, அவள் அதோடு தையல்வேலை செய்து பிள்ளை வளர்க்கிறாள். அவனுடைய எழுத்து தோல்; யாரும் பார்க்காததால் அது ஒருநாளும் பழகவில்லை. ஊரே சேர்ந்து தண்டித்தவள் உயிரோடு நிற்க, யாரும் தண்டிக்காதவன் மேடையேறி, சட்டையைத் திறந்து காட்டி, அவள் மடியில் சாகிறான்.

டிம்ஸ்டேலாக நடித்த லார்ஸ் ஹான்சன் ஸ்வீடனிலிருந்து அழைத்துவரப்பட்டவர். 1924இல் வெளிவந்த ‘கோஸ்டா பெர்லிங்’ படத்தில் அவரைப் பார்த்துவிட்டே கிஷ் அவரைத் தேர்ந்தெடுத்தார். அவருக்கு ஆங்கிலம் வராது. கிஷ்ஷுக்கு ஸ்வீடிஷ் தெரியாது. படப்பிடிப்பில் கிஷ் தம் வசனங்களை ஆங்கிலத்திலும் ஹான்சன் தம் வசனங்களை ஸ்வீடிஷிலும் பேசினார்கள். பேச்சைப் பதிவு செய்யாத கருவிக்கு அது ஒரு பொருட்டில்லை. போதகன் மேடையேறித் தன் குற்றத்தை உரக்கச் சொல்லும்போது, சுற்றி நின்ற துணைநடிகர்களில் பெரும்பாலோருக்கு அவர் பேசிய ஒரு சொல்லும் விளங்கியிருக்காது. அவர்கள் அண்ணாந்து பார்த்து, குறித்த இடத்தில் திடுக்கிட்டார்கள். கேமரா அதைப் பதிவு செய்துகொண்டது.